ராமல்லாஹ்வும் ரம்லாவும்

பாலஸ்தீனத்து ராமல்லாஹ் நகரின் பெயருக்கு நம்மிடையே மூன்று விளக்கங்கள் உலவி வருகின்றன. ‘இராமன்’ என்னும் பெயரும் ‘அல்லாஹ்’ என்னும் பெயரும் இணைந்து உண்டானது அது என்பது ஒன்று. சமய நல்லிணக்க மேடைகளில் இவ்விளக்கம் கைதட்டலோடு வரவேற்கப்படுகிறது. வேறு சிலர் இதனையே, பண்டு அரபு மண்ணிலும் இராம வழிபாடு இருந்தது என்பதற்குச் சான்றாகக் காட்டுகின்றனர். ‘அல்லாஹ் விரும்பிய ஊர்’ என்பது இரண்டாவது. இது நம்மவருள் சிறிது அரபி பயின்றோர் கூறுவது. ராமல்லாஹ்வும் ரம்லாவும் ஒன்றே, இரண்டுக்கும் ‘மணலூர்’ என்பதே பொருள் என்பது மூன்றாவது.

இம்மூன்றையும் கூறுவோர் நோக்கத்தால் வேறுபட்டவர்கள்; ஆயினும் கையாளும் முறையால் ஒன்றுபட்டவர்கள். காதில் விழுந்த ஒலியை எடுத்துக்கொள்கிறார்கள். தமக்குத் தெரிந்த ஒரு சொல்லோடு அதனை ஒட்டிவிடுகிறார்கள். ஒட்டியது நின்றுவிட்டால் அதுவே பொருள் என்கிறார்கள். வெளுத்ததெல்லாம் பால் ஆகாது. ஒத்து ஒலிப்பதெல்லாம் உறவும் ஆகாது. ‘அரம்’ என்பதும் ‘அறம்’ என்பதும் ஒன்றே என ஒரு மாணவன் எழுதினால் தமிழாசிரியர் விடுவாரா? கொல்லன் பட்டறையில் இருப்பது ஒன்று; சான்றோர் நெஞ்சில் இருப்பது மற்றொன்று. தம் மொழியில் இவ்வளவு விழிப்பாக இருக்கும் நாம், பிறர் ஊர்ப்பெயர் என்றதும் அவ்விழிப்பைக் கைவிட்டுவிடுவது ஏன்?

இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று. பாலஸ்தீனத்தில் ஒரு பெயருக்குப் பொருள் சொல்வது, பல வேளைகளில், அந்த மண்ணுக்கு உரிமை சொல்வதாகும். ஆதலின் இதனைச் சற்று விரித்து ஆராய்தல் தகும்.

எழுத்தின் சாட்சி

அரபி மொழியில் ஒரு சொல்லின் குலத்தை அறிய வேண்டுமானால் அதன் மூலவெழுத்துகளைக் கேட்க வேண்டும். ஸர்பு என்னும் சொல்லிலக்கணம் ஓதத் தொடங்கும் சிறுவனுக்கும் முதற்பாடம் இதுவே. பெரும்பாலான சொற்கள் மூன்று எழுத்துகளை வேராகக் கொண்டவை. அவற்றுள் ஓர் எழுத்து மாறினும் குலம் மாறிவிடும்.

‘ரம்லா’ என்னும் பெயரின் வேர் ரா, மீம், லாம். ‘ரமல்’ என்றால் மணல். மணற்பாங்கான ஒரு நிலப்பகுதி ‘ரம்லா’. அரபு மக்கள் இந்நகரை ‘அர்ரம்லா’ எனச் சுட்டிடைச் சொல் சேர்த்தே வழங்குவர்.

‘ராமல்லாஹ்’ என்பதோ இரு சொற்களால் ஆனது. முதற்சொல் ‘ராம்’, இரண்டாவது ‘அல்லாஹ்’. இங்கே நடுவில் ஒலிக்கும் லகரம் முதற்சொல்லுக்கு உரியதன்று. அது இறைவனின் திருப்பெயருக்கு உரியது. ரம்லாவில் உள்ள லகரமோ அதன் வேரிலேயே ஊன்றி நிற்பது. ஆக, இரு பெயர்களையும் ஒன்றெனக் காட்டும் அந்த லகரமே உண்மையில் அவற்றைப் பிரித்துக் காட்டும் எழுத்தாகும். மணலூர் என்னும் மூன்றாவது விளக்கம் இந்த ஓர் எழுத்திலேயே வீழ்ந்துவிடுகிறது.

இக்குழப்பத்திற்குத் தமிழெழுத்தும் ஒரு காரணம். நம் நாளேடுகள் ‘ரமல்லா’ என்று எழுதுகின்றன. முதலெழுத்தின் நெடில் குறுகிவிட்டது. ஈற்றில் நின்ற ஹகரம் மறைந்துவிட்டது. எஞ்சியது ரம்லாவின் அண்டை வீட்டுக்காரர் போல் தோன்றுகிறது. நோன்பு மாதத்தின் பெயருக்கு நேர்ந்ததையும் இங்கே எண்ணிப் பார்க்கலாம். அதன் வேர் ரா, மீம், ளாத். கதிரவனால் காய்ந்த தரையின் கடும் வெப்பத்தைக் குறிப்பது. அந்த ‘ளாத்’ என்னும் எழுத்துக்கு நேரான ஒலி தமிழில் இன்மையால் ரமழான், ரமளான், ரமலான் எனப் பலவாறு எழுதுகிறோம். ‘ரமலான்’ என்று எழுதப்பட்டதைக் கண்டு ஒருவர், ‘ரமல் என்றால் மணல், ஆதலின் இது மணல் மாதம், மணலும் சுடும், நோன்பும் சுடும்’ என்று விளக்கம் எழுதினால் கேட்கச் சுவையாகவே இருக்கும். ஆனால் அது முழுப்பொய். நம் முன்னோர் தமிழை அரபு எழுத்தில் எழுதி ‘அரபுத்தமிழ்’ என ஒரு முறையைப் போற்றி வந்ததன் பயன்களுள் இதுவும் ஒன்று: அரபுச் சொற்களின் மூலவெழுத்துகள் அதில் சிதையாமல் நின்றன.

ரா, மீம், லாம் என்னும் வேரைப் பற்றி இன்னும் ஒரு சொல். தவாபின் முதல் மூன்று சுற்றுகளில் ஆடவர் விரைந்து நடக்கும் நடைக்கு ‘ரமல்’ என்று பெயர். அரபு யாப்பில் ஒரு பாவகைக்கும் அதுவே பெயர். கைம்பெண்ணைக் குறிக்கும் ‘அர்மலா’ என்னும் சொல்லும் இவ்வேரினதே. பயணத்தில் கட்டுச்சோறு தீர்ந்துபோனவரைக் குறிக்கும் வினை ஒன்று இவ்வேரில் உண்டு. கையில் ஏதுமின்றி மணலோடு மணலாகிவிட்டார் என்பது போன்ற கருத்து என அகராதியாளர் விளக்குவர். அன்னை உம்மு ஹபீபா (ரலி) அவர்களின் இயற்பெயர் ரம்லா. அபூஸுப்யானின் மகளாகப் பிறந்து, தந்தை எதிரணியில் நின்ற காலத்திலேயே ஈமான் கொண்டு, அபிசீனியாவுக்கு ஹிஜ்ரத் சென்று, அயல்நாட்டில் தனித்து நின்ற அப்பெருமாட்டியை நாயகம் (ஸல்) அவர்களுக்கு மணமுடித்து வைத்தவர் அந்நாட்டு மன்னர் நஜ்ஜாஷி. நம் இல்லங்களில் ரம்லா என்றும் ரம்லத் என்றும் பெண்மக்களுக்கு இடும் பெயர் அந்த அன்னையின் நினைவால் வந்தது. ராமல்லாஹ் நகருக்கும் அதற்கும் தொடர்பில்லை.

மண்ணின் சாட்சி

எழுத்து சொன்னதை மண்ணும் சொல்கிறதா என்று பார்ப்பது அடுத்த படி.

ரம்லா, கடற்கரைச் சமவெளியில் உள்ள நகரம். உமையா மரபினரான ஸுலைமான் இப்னு அப்துல் மலிக் பாலஸ்தீன ஆளுநராக இருந்தபோது, கி.பி. 8-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், மணற்பாங்கான இடத்தில் புதிதாக எழுப்பியது. அவர் தொடங்கிய வெள்ளைப் பள்ளிவாசல், கலீபா உமர் இப்னு அப்துல் அஜீஸ் (ரஹ்) காலத்தில் நிறைவுற்றது. பல நூற்றாண்டுகள் அந்நாட்டு மாகாணத்தின் தலைநகராக விளங்கிய ஊர் அது. 1033-இலும் 1068-இலும் பெரும் நிலநடுக்கங்களால் சிதைந்தது. மம்லூக்கியர் 1318-இல் கட்டிய சதுர மினாரா இன்றும் அங்கே நிற்கிறது.

ராமல்லாஹ்வோ மலையூர். பைத்துல் முகத்தஸுக்கு வடக்கே ஏறத்தாழ 15 கிலோமீட்டர் தொலைவில், கடல்மட்டத்திலிருந்து 870 மீட்டர் அளவு உயரத்தில் அமைந்தது. ரம்லாவின் உயரம் நூறு மீட்டரையும் எட்டாது. இரண்டுக்கும் இடையே நேர்கோட்டில் 30 கிலோமீட்டர் அளவே தொலைவு. ஒன்று தாழ்ந்த மணல்வெளி. மற்றொன்று காற்றோட்டமான குன்று.

இந்த உயரமே ‘ராம்’ என்னும் முதற்சொல்லின் திறவுகோல். அரபிக்கு உடன்பிறந்த மொழிகளான எபிரேயத்திலும் அராமிக் மொழியிலும் ‘ராம்’ என்றால் உயர்ந்தது. அரபியர் வருகைக்கு முன் அம்மலைநாட்டில் வழங்கிய மொழிகள் இக்குடும்பத்தைச் சேர்ந்தவையே. ராமல்லாஹ்வுக்கும் பைத்துல் முகத்தஸுக்கும் நடுவே ‘அர்ராம்’ என ஓர் ஊர் உண்டு. வடக்கே கலீலியா மலைப்பகுதியில் ‘அர்ராமா’ என ஓர் ஊர் உண்டு. கவிஞர் ஸமீஹுல் காஸிம் அவ்வூர்க் குடும்பத்தவர். எபிரேயர் 1921-இல் தோற்றுவித்த ஒரு குடியிருப்புக்கு ‘ராமத் கான்’, அதாவது தோட்டமேடு, எனப் பெயரிட்டனர். யூதரின் வேதநூலில் இப்றாஹீம் (அலை) அவர்களின் முற்பெயராகக் கூறப்படும் ‘அப்ராம்’ என்பதற்கும் ‘உயர்ந்த தந்தை’ என்றே பொருள் சொல்வர். இத்தனை சாட்சிகள் ஒருமுகமாக நிற்கையில், ராமல்லாஹ் என்பதற்கு ‘இறைவனின் மேடு’ என்று பொருள் கொள்வதே பொருத்தம். பழைய மொழியின் ஒரு சொல்லோடு அரபியின் இறைத்திருப்பெயர் சேர்ந்து வாழும் பெயர் இது.

இராமனும் ராமும்

இனி முதல் விளக்கத்துக்கு வருவோம். வடமொழியில் ‘ராம’ என்னும் சொல்லுக்கு மகிழ்வித்தல், இன்புறுதல் என்னும் பொருளுடைய வினையை வேராகக் கூறுவர். வேதகால வழக்கில் அச்சொல்லுக்குக் கருமை என்னும் பொருளும் உண்டு. உயரம் என்னும் பொருள் அதற்கு இல்லை. எபிரேயத்து ‘ராம்’ வேறு குடும்பத்தில் பிறந்தது. வேறு பொருள் தருவது. மேட்டு நிலங்களையே தேடித் தேடி அமர்வது. ஒலி ஒன்றாயினும் பிறந்த வீடு வேறு.

வடமொழி வேருக்கு மெய்யான உறவினர் வேண்டுமானால் பாரசீகத்தில் தேடலாம். உருது பேசுவோர் ‘ஆராம்’ என்று ஓய்வைச் சொல்கிறார்களே, அது பாரசீகத்திலிருந்து வந்தது. தமிழில் சோலையைக் குறிக்கும் ‘ஆராமம்’ வடமொழியிலிருந்து வந்தது. இவ்விரண்டும் ஒரே பழங்குடும்பத்தின் பிள்ளைகள். ஒலி ஒத்தால் உறவு இல்லவே இல்லை என்று நாம் கூறவில்லை. மொழிக்குடும்பமும் பொருளும் வரலாறும் சேர்ந்து ஒத்துக்கொண்டால்தான் உறவு என்கிறோம்.

வடநாட்டில் குழந்தை வடிவான இராமனை ‘ராம் லல்லா’ என்று அன்போடு அழைப்பர். ‘லல்லா’ என்பது செல்லக் குழந்தையைக் குறிக்கும் வடநாட்டு வழக்கு. இதனையும் ராமல்லாஹ்வையும் இணைத்து வேடிக்கையாகப் பேசுவோர் உளர். அவர்களுக்கு நாம் சொல்வது இதுதான்: அப்பெயர் நம் அண்டை வீட்டாரின் பக்திக்கு உரியது. அதனை ஓர் ஒலி விளையாட்டுக்கு இரவல் வாங்குவது அவர்களுக்கும் மரியாதையன்று. நம் இறைவனின் திருப்பெயருக்கும் மரியாதையன்று.

நல்லிணக்க மேடையில் பேசுவோரின் உள்ளம் நல்லுள்ளம் என்பதில் நமக்கு ஐயமில்லை. ஆனால் பொய்யான சொற்பிறப்பின் மீது கட்டிய நல்லிணக்கம் ஒரு நல்ல அகராதியைத் திறந்த மாத்திரத்தில் சரிந்துவிடும். ஒருவர்க்கொருவர் அண்டை அயலாராய் வாழும் கடமைக்குச் சொல்லாராய்ச்சியின் துணை தேவையில்லை. மேலும், அதே ஒலியொப்புமையைக் கொண்டு ‘அங்கும் எங்கள் ஆட்சி இருந்தது’ என்று வேறொருவர் கூறும்போது, மறுத்துரைக்கும் தகுதியை நாம் முன்னரே இழந்து நிற்போம்.

நம்மவர் விளக்கம்

பிறரை மட்டும் குறைகூறி, நம்மவரை விட்டுவிடுதல் நீதியாகாது. ‘அல்லாஹ் விரும்பிய ஊர்’ என்போர் ரா, வாவ், மீம் என்னும் அரபு வேரைக் காட்டுகின்றனர். ‘ராம’ என்னும் வினைக்கு நாடினான், தேடினான் என்பது பொருள்தான். ஒரு முழு வாக்கியமே பெயராய் அமைவதும் அரபியில் இல்லாததன்று. ஆயினும் இவ்விளக்கம் நில்லாது. இறைவனின் நாட்டத்தைச் சொல்ல அரபியில் ‘அராத’, ‘ஷாஅ’ என்னும் வினைகளே உரியவை. திருமறையின் வழக்கும் அதுவே. ‘ராம’ என்பது, கைக்கு எட்டாத ஒன்றை எட்ட முயலும் மனிதனின் வேட்கைக்கே பெரிதும் வழங்கும் சொல். எல்லாம் உடையவனுக்கு அதனை ஏற்றிச் சொல்வதில் அழகில்லை. அக்கம்பக்கத்து ‘அர்ராம்’, ‘அர்ராமா’ ஆகிய ஊர்களுக்கு இவ்விளக்கம் விடை கூறவும் இல்லை.

பெயரில் ‘அல்லாஹ்’ என்றிருப்பதால் அது முஸ்லிம்கள் நிறுவிய ஊராகவே இருக்க வேண்டும் என்று கருதுவோரும் உண்டு. இன்றைய நகரின் முன்னோர், யோர்தானின் கரக் வட்டாரத்திலிருந்து 16-ஆம் நூற்றாண்டில் குடிபெயர்ந்து வந்த ஹத்தாதீன் என்னும் கிறித்தவ அரபுக் குலத்தார் என்பது அவ்வூரின் மரபுவழிச் செய்தி. 1948 வரை அங்கே கிறித்தவரே பெரும்பான்மையினர். அரபு கிறித்தவர்களும் இறைவனை ‘அல்லாஹ்’ என்றே அழைக்கின்றனர். அவர்களின் வேத மொழிபெயர்ப்பிலும் அச்சொல்லே உள்ளது. ஆதலின் பெயரை மட்டும் கண்டு ஓர் ஊரின் சமயத்தை முடிவு செய்துவிடல் ஆகாது.

நம் பெரும் புலவர்களும் இவ்வொலி மயக்கத்திலிருந்து முற்றும் தப்பினார்கள் என்று சொல்வதற்கில்லை. நாப்லுஸ் என்னும் நகரின் பெயருக்கு, ஹிஜ்ரி 626-இல் மறைந்த யாகூத் அல்ஹமவீ தம் ஊரகராதியில் ஒரு கதையைப் பதிவு செய்துள்ளார். ‘லுஸ்’ என்னும் பெரும்பாம்பு ஒன்று அங்கே இருந்ததாம். அதனைக் கொன்று அதன் ‘நாப்’, அதாவது கோரைப்பல், நகர வாயிலில் தொங்கவிடப்பட்டதாம். ‘நாப் லுஸ்’ என்பதே நாப்லுஸ் ஆயிற்றாம். உண்மை வேறு. உரோமர் கி.பி. 72-இல் அங்கே நிறுவிய நகருக்குக் கிரேக்க மொழியில் ‘நேயாபோலிஸ்’, புதுநகரம், என்று பெயர். வல்லின பகர ஒலி அரபியில் இல்லை. நாவு அதனை மென்மையாக்கி நாப்லுஸ் என்றாக்கியது. இத்தாலியில் உள்ள நாப்போலி நகரும் அதே ‘புதுநகரம்’தான். பார்வைக்கு அயலாராய்த் தோன்றும் நாப்லுஸும் நாப்போலியும் ஒரே சொல். பார்வைக்கு இரட்டையராய்த் தோன்றும் ராமல்லாஹ்வும் ரம்லாவும் வெவ்வேறு சொற்கள். காதை மட்டும் நம்புவோர் கவனிக்க வேண்டிய இடம் இது. யாகூத் போன்ற பேரறிஞரின் பெருமை இதனால் குறைவதில்லை. மக்கள் வழக்கைத் தொகுப்பது அவர் பணி. அதனை அளந்து பார்ப்பது நம் பணி.

உறவு மெய்யாகும் இடம்

ஒலியை நம்பியே மெய் கண்டாரும் உளர். பைத் லஹ்ம் என்னும் ஈஸா (அலை) அவர்களின் பிறப்பிடமாகக் கூறப்படும் ஊரை எடுத்துக்கொள்வோம். அரபியில் ‘லஹ்ம்’ என்றால் இறைச்சி. எபிரேயத்தில் ‘லெஹெம்’ என்றால் ரொட்டி. இங்கே ஒலியும் வேரும் ஒன்றே, பொருள்தான் பிரிந்தது. முதன்மையான உணவு எது என்பதில் இரு மக்களும் வேறுபட்டனர் போலும்! அல்கலீல் நகரிலோ இதற்கு மாறு. அல்கலீல் என்றால் தோழர். அல்லாஹ்வின் தோழராகிய இப்றாஹீம் (அலை) அவர்களைக் குறிப்பது. எபிரேயர் வழங்கும் ஹெப்ரோன் என்னும் பெயரின் வேரும் இணைதல், தோழமை என்னும் பொருளினதே. ஒலி சிறிதும் ஒவ்வாது. பொருள் தழுவி நிற்கிறது.

1838-இல் எட்வர்ட் ராபின்சன் என்னும் அமெரிக்க அறிஞர், அரபி நன்கறிந்த எலி ஸ்மித்தைத் துணைகொண்டு பாலஸ்தீன மலைநாட்டில் பயணம் செய்தார். பழைய வேதநூலில் கூறப்பட்ட ஊர்கள் எங்கே என்பது அவர்தம் தேட்டம். கற்பலகைகளிலோ தேவாலயங்களிலோ அவர் முதன்மையாக விடை தேடவில்லை. அரபு உழவர்களிடம், ‘இந்த மேட்டுக்கு என்ன பெயர்? அந்தப் பாழுக்கு என்ன பெயர்?’ என்று கேட்டறிந்தார். முக்மாஸ் என்றனர், அது வேதநூலின் மிக்மாஷ். அனாத்தா என்றனர், அது அனாத்தோத். பைத்தீன் என்றனர்; அது பெத்தேல். ஒலி ஒத்ததோடு அவர் நில்லாமல், நூல் கூறும் தொலைவும் திசையும் நிலத்தோடு பொருந்துகின்றனவா என்றும் அளந்தார். ஆதலின் அவர் கண்டவற்றுள் பல இன்றும் நிற்கின்றன.

இதில் ஒரு பேருண்மை அடங்கியுள்ளது. அந்நாட்டின் தொன்மையான பெயர்களை நூற்றாண்டு நூற்றாண்டாக நாவிலே காத்துவந்தவர்கள் அரபு உழவர்களும் அவர்தம் பெண்டிரும். தம் மொழி மாறியது, சமயம் மாறியது, ஆள்வோர் எத்தனையோ முறை மாறினர். ஊர்ப்பெயரை மட்டும் அவர்கள் மாற்றவில்லை.

பெயரும் உரிமையும்

அந்த நாவுகளுக்கு நேர்ந்ததை இனிச் சொல்ல வேண்டும். 1948-இல் நானூற்றுக்கும் மேற்பட்ட பாலஸ்தீன ஊர்கள் குடிகளை இழந்தன. 1949-இல் இஸ்ரேலிய அரசு, நெகேவ் பாலைப்பகுதியின் அரபுப் பெயர்களுக்கு ஈடாக எபிரேயப் பெயர்களைத் தேர்ந்தெடுக்க ஒரு குழுவை அமைத்தது. பின்னர் இப்பணி நாடு முழுமைக்கும் விரிந்தது. செங்கடல் முனையின் உம்மு ரஷ்ரஷ், எய்லாத் ஆயிற்று. லூபியா என்னும் சிற்றூர் 1948 ஜூலையில் காலியானது. அவ்வூர் நிலத்தில் 1949-இல் எழுந்த குடியிருப்பின் பெயர் லாவி. அரபியில் லூபியா என்பது ஓர் அவரைப் பயறு. எபிரேயத்தில் லாவி என்பது சிங்கம். அதே மாதம் காலியான ஸஃப்பூரியா, ஸிப்போரி ஆயிற்று. இங்கே எபிரேயப் பெயர் பொய்யன்று, அது பழம்பெயரே. ஆனால் அப்பழம்பெயரை அதுவரை சிதையாது காத்தவர்கள் ஸஃப்பூரியாவின் அரபு மக்கள் அல்லரா? பெயர் பழையது என்பதற்குச் சாட்சி சொன்ன நாவையே ஊரைவிட்டு வெளியேற்றிவிட்டு, சாட்சியத்தை மட்டும் உரிமைப் பத்திரமாக எடுத்துக்கொண்டனர்.

எபிரேய மொழியோடு நமக்குப் பகையில்லை. அது அரபியின் உடன்பிறப்பு. ராமல்லாஹ்வின் முதற்சொல் அம்மொழிக்குடும்பத்தது என்று ஒப்புக்கொள்வதால் பாலஸ்தீனரின் உரிமை இம்மியும் குறையாது. அதற்கு மாறாக, அம்மண்ணின் மிகப் பழைய அடுக்குவரை அவர்கள் வேர் இறங்கியிருக்கிறது என்பதே அதனால் புலப்படும். உண்மையைக் கண்டு அஞ்சி, ‘இல்லை, முழுதும் அரபியே’ என்று வலிந்து பொருள் கூறுவோர், தம் கையில் உள்ள நல்ல சாட்சியைத் தாமே கிழித்துப் போடுகின்றனர்.

கால்களால் வந்த உறவு

ரம்லாவும் ராமல்லாஹ்வும் எழுத்தால் உறவில்லை, நிலத்தால் உறவில்லை என்று கண்டோம். ஆயினும் அவ்விரு நகரங்களுக்கும் ஓர் உறவு உண்டு. அது அகராதியில் இல்லை.

1948 ஜூலை 12-ஆம் நாள் ரம்லா இஸ்ரேலியப் படையிடம் சரணடைந்தது. அண்டை நகரான லுத்தும் அந்நேரம் வீழ்ந்தது. அன்றும் மறுநாளும் இரு நகரத்து மக்களும் வெளியேற்றப்பட்டனர்; அவர்தம் தொகை 50,000 முதல் 70,000 வரை எனக் கணக்கிடுவர். லுத்தின் மக்கள் பெரும்பாலும் நடந்தே சென்றனர். ரம்லாவின் மக்களுள் பலரைப் பேருந்துகளில் ஏற்றிப் போர்முனை அருகே இறக்கிவிட்டனர். எஞ்சிய வழியை அவர்களும் நடந்தே கடந்தனர். அவர்கள் நடந்த திசை கிழக்கு. பெரும்பாலோர் சென்று சேர்ந்த இடம் ராமல்லாஹ். அது ஹிஜ்ரி 1367-இன் ரமழான் மாதம். கொதிக்கும் வெயில், குடிக்க நீர் இல்லை. முதியோரும் குழந்தைகளும் பலர் வழியிலேயே மாண்டனர். மணல்வெளியில் பிறந்தவர்கள் இறைவனின் மேட்டுக்கு இவ்வாறு ஏறினார்கள். கட்டுச்சோறு தீர்ந்து மணலோடு ஆனவர் என அகராதி எழுதிவைத்த சொல்லுக்கு அவ்வழி முழுதும் மனிதர்கள் பொருளாய் நின்றார்கள்.

ராமல்லாஹ்வின் கிறித்தவப் பெருமக்கள் நிறைந்த சிற்றூர், அகதிகளால் நிறைந்தது. 1949-இல் அதன் அருகே எழுந்த அல்அம்அரி முகாமில் ரம்லா, லுத்து, யாபா ஆகிய ஊர்களிலிருந்து வந்தோர் தங்கினர். அவர்தம் வழித்தோன்றல்கள் மூன்று தலைமுறைக்குப் பின்னும் ‘உன் ஊர் எது?’ என்று கேட்டால் பிறந்த முகாமைச் சொல்வதில்லை; பாட்டனாரின் ஊரைச் சொல்கின்றனர். ராமல்லாஹ்வில் இருந்துகொண்டு ‘நான் ரம்லாக்காரன்’ என்று சொல்லும் ஒருவனிடம், ‘இரண்டும் ஒரே பெயர்தானே!’ என்று நம்மவர் ஒருவர் சொன்னால் அவன் நெஞ்சம் என்ன பாடுபடும்? அவனுக்கு அவ்விரு பெயர்களுக்கும் நடுவே 30 கிலோமீட்டர் தொலைவும், ஒரு ரமழானும், திரும்ப முடியாத ஒரு வீடும் இருக்கின்றன. அவற்றை அழித்துவிடுவது நம் அறியாமையாயினும், அழிக்கப்பட்டவனுக்கு அது மற்றுமொரு வெளியேற்றமே.

சொல்லின் ஒலியைக் கொண்டு சூழ்ச்சி செய்தோரைத் திருமறை கண்டித்துள்ளது. நாயகம் (ஸல்) அவர்களை நோக்கி ‘ராஇனா’ என்னும் நற்சொல்லால் தோழர்கள் விளித்துவந்தனர். அதனைச் சிலர் நாவை வளைத்து இழிபொருள்பட ஒலித்தனர். ஆதலின் அச்சொல்லை விட்டு ‘உன்ளுர்னா’ என்று கூறுமாறு அல்பகரா அத்தியாயத்தின் 104-ஆம் வசனம் முஃமின்களுக்குக் கட்டளையிட்டது. ஒலி மயக்கத்துக்கு இடம் கொடாத தெளிவான சொல்லைத் தேர்ந்தெடுப்பது மார்க்கப் பண்பு என்பதற்கு இதனினும் பெரிய சான்று வேண்டுவதில்லை.

ஆதலின் நம் இல்லங்களில் செய்தி படிக்கையில், நெடிலையும் ஹகரத்தையும் விடாது ‘ராமல்லாஹ்’ என்றே சொல்வோம். மணல் நகரத்தை ‘ரம்லா’ என்று தனியே சொல்வோம். பிள்ளைகள் பொருள் கேட்டால், ஒன்று இறைவனின் மேடு, மற்றொன்று மணல்நிலம் என்று கூறி, ஓர் ஊரார் மற்றோர் ஊருக்கு நடந்த கதையையும் சேர்த்துச் சொல்வோம். நெடுந்தொலைவில் உள்ள நாம் அவர்களுக்குச் செய்யக்கூடியவை மிகச் சில. அவர்கள் பெயரைப் பிழையின்றிச் சொல்வது அவற்றுள் ஒன்று. வீட்டை இழந்தோர்க்கு வீட்டையும், சொல்லை ஆள்வோர்க்கு வாய்மையையும் வல்ல அல்லாஹ் அருள்வானாக! ஆமீன்.